ஷெப்பர்ட்ஸ் பை செய்யும் முறையும் அதற்கேற்ற கிழங்கும்

சென்ற ஆண்டு ஒரு நாள் மாலை எங்கள் மளிகைக் கடைக்கு நம்மவர் வீட்டுப் பெண்மணி ஒருவர் வந்தார். "நானா, ஷெப்பர்ட்ஸ் பை செய்யப் போகிறேன். எந்தக் கிழங்கு வாங்கட்டும்?" என்று கேட்டார். கடையில் அன்று மூன்று வகை உருளைக்கிழங்கு இருந்தது. நான் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்த அவசரத்தில், "கிழங்கெல்லாம் கிழங்குதான் தங்கச்சி, எதை எடுத்தாலும் வேகும்" என்று சொல்லி, சீக்கிரம் விற்றுத் தீர வேண்டியிருந்த வழவழப்பான சிறு கிழங்கில் ஒரு கிலோ நிறுத்துக் கொடுத்தேன்.

மறுநாள் அவர் வெங்காயம் வாங்க வந்தபோது குறையாக ஒன்றும் சொல்லவில்லை. நானாகக் கேட்ட பிறகுதான் சொன்னார். கிழங்கு பசை மாதிரி இழுத்ததாம். அடியிலிருந்த கறி தண்ணீராக ஓடியதாம். பல்லெல்லாம் விழுந்துபோன மாமிக்கென்று ஆசையோடு செய்தது. மாமி இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டுத் தட்டை நகர்த்தி வைத்துவிட்டார்களாம்.

விற்கிற சரக்கின் குணம் தெரியாமலே தெரிந்தவன் போலப் பேசிவிட்டோமே என்று எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. நிறுவையில் குறைத்தால் மட்டுந்தானா குறை? ஆகையால் விசாரித்தும் படித்தும் பார்த்தேன். வீட்டில் மூன்று முறை நானே செய்தும் பார்த்தேன். முதல் முறை செய்தது எனக்கும் கெட்டுத்தான் போயிற்று. அதன் பிறகு பிடிபட்டதை, வியாபாரச் சகோதரர்களுக்கும் அவர்கள் வீட்டாருக்கும் உதவும் என்று எழுதுகிறேன்.

முதலில் பெயர். இங்கே 'பை' என்பது கையில் தூக்கிக்கொண்டு போகும் பை அல்ல. ஆங்கிலேயர் மாவைத் தட்டிக் கூடு செய்து உள்ளே கறியோ பழமோ வைத்துச் சுடும் பண்டத்துக்குப் 'பை' என்று பெயர். நாம் பேசும் பதார்த்தத்தில் மாவுக் கூடு கிடையாது. கொத்துக்கறியை அடியில் பரப்பி, மசித்த உருளைக்கிழங்கால் மூடி, மேற்புறம் சிவக்கும்வரை சுடுகிறார்கள். 'காட்டேஜ் பை', அதாவது குடிசை வீட்டுப் பை, என்ற பெயர் 1791-லேயே வழக்கில் இருந்தது. ஏழை எளியவர்களுக்குக் கட்டுப்படியான உணவாக உருளைக்கிழங்கு பிரிட்டனில் பரவிவந்த காலம் அது. 'ஷெப்பர்ட்ஸ் பை', அதாவது இடையர் பை, என்ற பெயர் அதற்குப் பின் வந்தது. 1849-ல் எடின்பரோ நகரில் வெளியான ஒரு சமையல் நூலில் இது காணப்படுகிறது. ஆட்டுக்கறி போட்டால் இடையர் பை, மாட்டுக்கறி போட்டால் குடிசைப் பை என்று இப்போது பிரித்துச் சொல்லுகிறார்கள். ஆனால் அந்த 1849-ம் ஆண்டு நூலோ எந்தக் கறியானாலும் சரி என்றுதான் சொல்லுகிறது. ஆகவே பெயரைப் பற்றி யாராவது வாதுக்கு வந்தால் அதிகம் மல்லுக்கட்ட வேண்டாம்.

பிரெஞ்சுக்காரரும் இதே வகைப் பதார்த்தத்துக்குப் பார்மென்டியே என்பவரின் பெயரைச் சூட்டியிருக்கிறார்கள். அவர் ஒரு மருந்தாளர். 1756 முதல் 1763 வரை நடந்த ஏழாண்டுப் போரில் பிரஷ்யரிடம் சிறைப்பட்டு, அங்கே உருளைக்கிழங்கைத் தின்று உயிர் பிழைத்தவர். அந்நாளில் பிரான்சில் அதைக் கால்நடைத் தீவனம் என்றும் நோய் தருவது என்றும் ஒதுக்கி வைத்திருந்தார்கள். விடுதலையாகி வந்தவர் அது நல்ல உணவு என்று ஊருக்கெல்லாம் எடுத்துச் சொன்னார். 1772-ல் பாரிஸ் மருத்துவக் கழகமும் அது உண்ணத் தகுந்ததே என்று ஒப்புக்கொண்டது.

நிற்க. கிழங்கு விஷயத்துக்கு வருவோம். என் தவறு அங்கேதானே நடந்தது.

உருளைக்கிழங்கில் மாவுத்தன்மை மிகுந்தது ஒரு ரகம். ஈரமும் இறுக்கமும் மிகுந்தது மற்றொரு ரகம். இரண்டாவது ரகம் ஆணத்தில் எவ்வளவு நேரம் கொதித்தாலும் துண்டு கலையாமல் நிற்கும். கறி ஆணத்துக்கும் பொரியலுக்கும் அதுவே ஏற்றது. மசிப்பதற்கு அது உதவாது; மசிக்க மசிக்கப் பசையாகும். மாவு ரகம் வெந்ததும் தானே பூப்போல உதிரும். வெண்ணெயும் பாலும் சேர்த்தால் இழைந்து போகும். நம் கடைகளில் கிடைப்பவற்றில் அமெரிக்காவிலிருந்து வரும் 'ரஸ்ஸெட்' இந்த ரகம். நீளமாகவும், தோல் பழுப்பாகவும் சொரசொரப்பாகவும் இருக்கும்.

மூட்டையில் எந்தப் பெயர் எழுதியிருந்தாலும் கண்ணால் சோதித்துப் பார்க்க ஒரு வழி உண்டு. ஒரு கோப்பை உப்பை அதே கோப்பையால் 11 கோப்பைத் தண்ணீரில் கரைத்து, அதில் ஒரு கிழங்கைப் போடுங்கள். மாவு ரகம் கனமாகையால் முழுகும். ஈர ரகம் மிதக்கும். இதை நான் கடைப் பின்கட்டில் ஒரு வாளி வைத்துச் செய்து பார்த்தேன். வேலைப் பையன்கள் சிரித்தார்கள். ஆனால் அன்று முதல் எந்தக் கிழங்கு எதற்கு என்று கேட்பவர்களுக்குத் தயங்காமல் பதில் சொல்லுகிறேன்.

இன்னும் இரண்டு வார்த்தை. வெயிலோ விளக்கு வெளிச்சமோ பட்டுப் பச்சை நிறமேறிய கிழங்கில் சோலனைன் என்னும் நச்சுப் பொருள் கூடியிருக்கும். வேகவைத்தாலும் அது போகாது. அப்படிப்பட்டதை விலை குறைத்தும் விற்க வேண்டாம், வீட்டுக்கும் கொண்டுபோக வேண்டாம். கிழங்கைக் குளிர்ப்பெட்டியில் வைப்பதும் நல்லதல்ல. குளிரில் அதன் மாவு சர்க்கரையாக மாறி இனிப்புத் தட்டும்.

இப்போது நாலைந்து பேருக்குச் செய்யும் அளவு: ஆட்டுக் கொத்துக்கறி 500 கிராம், மாவுக்கிழங்கு 900 கிராம், பெரிய வெங்காயம் 1, காரட் 1, பூண்டு 2 பல், தக்காளி விழுது ஒரு மேசைக்கரண்டி, மைதா ஒரு மேசைக்கரண்டி, வெண்ணெய் 50 கிராம், பால் சுமார் 100 மில்லி, பிரிஞ்சி இலை, மிளகுத்தூள், உப்பு. தைம் என்னும் வாசனை இலை கிடைத்தால் ஒரு சிட்டிகை. கறியைக் கடையிலேயே அரைத்து வாங்கினால் கொழுப்பு அதிகம் சேராமல் பார்த்துக்கொள்ளுங்கள். பச்சைக் கொத்துக்கறியைக் குளிர்ப்பெட்டியில் இரண்டு நாளுக்கு மேல் வைக்கக்கூடாது.

கனத்த சட்டியைக் காயவைத்துக் கறியை மட்டும் போடுங்கள். உடனே கிளற வேண்டாம். முதலில் தண்ணீர் விடும். அது வற்றிய பிறகுதான் கறி சிவக்கத் தொடங்கும். அந்தச் சிவப்பில்தான் ருசியெல்லாம் இருக்கிறது. அவசரப்பட்டு வெங்காயத்தையும் தண்ணீரையும் சேர்த்துக் கொட்டினால் அது அவித்த கறியாகிவிடும். சிவந்ததும் கறியை எடுத்து வைத்துவிட்டு, மிஞ்சிய கொழுப்பை வடித்து, ஒரு கரண்டி மட்டும் விட்டுவைத்துப் பொடியாக நறுக்கிய வெங்காயம், காரட், பூண்டு இவற்றை வதக்குங்கள். தக்காளி விழுதையும் மைதாவையும் சேர்த்து இரண்டு நிமிடம் புரட்டி, கறியைத் திரும்பப் போட்டு, ஒரு கோப்பை வெந்நீர் விட்டு, இலைகளைச் சேர்த்துச் சிறு தீயில் அரைமணி நேரத்துக்கு மேல் வேகவிடுங்கள். அகப்பையால் நடுவே ஒரு கோடு இழுத்தால் சட்டியின் அடி ஒரு கணம் தெரிந்து பிறகு மூட வேண்டும். அதுதான் பதம். அந்தப் பெண்மணியின் கறி தண்ணீராக ஓடியதற்குக் காரணம் இந்தப் பதம் வருமுன் இறக்கியதே.

ஆங்கிலேயர் இந்தக் கறியில் வூஸ்டர் சாஸ் என்னும் கறுப்பு நிறச் சாறு சில சொட்டு விடுவார்கள். இங்கிலாந்தின் வூஸ்டர் நகரில் லீ, பெரின்ஸ் என்ற இரண்டு மருந்து வியாபாரிகள் 1837 முதல் விற்ற சரக்கு இது. பல ஆண்டுகளாகக் கடையில் அடுக்கி வைத்திருந்தும் அந்தப் புட்டியின் சீட்டை நான் படித்ததில்லை. இதற்காகத்தான் கண்ணாடி போட்டுக்கொண்டு படித்தேன். உள்ளே இருப்பது என்ன? காடி, வெல்லப்பாகு, வெங்காயம், பூண்டு. அவற்றோடு நெத்திலி இனத்து மீனும் நம் புளியும்! புளிக்கு ஆங்கிலத்தில் வழங்கும் பெயர் 'தமர் ஹிந்தி', அதாவது இந்தியப் பேரீச்சை, என்னும் அரபுச் சொல்லிலிருந்து போனது. ஒரே கடையில் புளி ஒரு மூலையிலும், நெத்திலிக் கருவாடு இன்னொரு மூலையிலும், இரண்டும் சேர்ந்த சீமைப் புட்டி மேல்தட்டிலும் இருந்திருக்கின்றன. எனக்குத்தான் தெரியவில்லை.

எல்லாக் கம்பெனிச் சாறும் ஒரே விதமாகச் செய்யப்படுவதில்லை. ஆகையால் சிங்கப்பூரில் முயிஸ் முத்திரை, மலேசியாவில் ஜாக்கிம் முத்திரை இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். கறிச்சாற்றுக் கட்டி சேர்ப்பதானால் அதற்கும் இதுவே விதி. சிலர் மேலே பாலாடைக்கட்டி துருவிப் போடுவார்கள். பாலை உறையவைக்க எதைச் சேர்த்தார்கள் என்பது கேள்வியாகையால் அதிலும் முத்திரையைப் பாருங்கள். சீமைச் சாறு இல்லாவிட்டால் குடி முழுகிப் போகாது. கெட்டிப் புளிக்கரைசல் ஒரு தேக்கரண்டி, சோயாச் சாறு ஒரு தேக்கரண்டி, சர்க்கரை ஒரு சிட்டிகை சேர்த்தால் ஏறக்குறைய அந்தச் சுவை வந்துவிடும். மசாலாத்தூளையும் கொஞ்சம் போட்டால் என்ன என்று கேட்பீர்கள். போடுங்கள், தப்பில்லை. ஆனால் அப்போது பெயரை மாற்றிவிடுங்கள்.

கறி ஆறட்டும். அதற்குள் கிழங்கைத் தோல் சீவி ஒரே அளவான பெரிய துண்டுகளாக வெட்டி, உப்பிட்ட பச்சைத் தண்ணீரில் போட்டுச் சூடேற்றுங்கள். கொதிநீரில் போட்டால் வெளிப்புறம் கரைந்தும் உள்ளே வேகாமலும் போகும். கத்தி எளிதில் இறங்கியதும் நன்றாக வடித்து, வெறும் சட்டியில் திரும்பப் போட்டுச் சிறு தீயில் இரண்டு நிமிடம் குலுக்குங்கள். ஈரம் ஆவியாகப் போய்விடும். சூட்டோடு மத்தால் மசித்து, முதலில் வெண்ணெயும், பிறகு காய்ச்சிய பாலைச் சிறிது சிறிதாகவும் சேருங்கள். மின்சார அரவை இயந்திரத்தில் மட்டும் போடவே கூடாது. அதன் கத்தி கிழங்கின் நுண்ணறைகளைக் கிழித்து உள்ளிருக்கும் மாவை வெளியே விட்டுவிடும். எந்த ரகமானாலும் பசைதான். முதல் முறை நான் கெடுத்தது இப்படித்தான்.

கறியை ஆழமான கண்ணாடிப் பாத்திரத்தில் பரப்பி, கிழங்கை முதலில் ஓரங்களில் வைத்துப் பிறகு நடுவுக்கு வாருங்கள். ஓரம் அடைபட்டால் சாறு பொங்கி மேலே வராது. கறி சூடாக இருந்தால் கிழங்கு அதில் அமிழ்ந்துவிடும். ஆறவைக்கச் சொன்னது அதற்காகவே. முள்கரண்டியால் மேலே வரிவரியாகக் கீறிவிட்டால் அந்த மேடுகள் நன்றாகச் சிவந்து மொறுமொறுப்பாகும். ஓவன் அடுப்பில் 200 டிகிரி செல்சியஸில் 25 முதல் 30 நிமிடம். மேசைமேல் வைக்கும் சிறிய ஓவனே போதும். வெளியே எடுத்ததும் வெட்டாமல் பத்து நிமிடம் விட்டுவையுங்கள்.

கடை வைத்திருப்பவர் வீட்டுக்கு இதைவிட வசதியான சாப்பாடு குறைவு. இரவு பத்து மணிக்குக் கதவைச் சாத்திவிட்டு வருகிறவனுக்கு ஆறிப்போன சோறுதான் பல நாளும் கிடைக்கிறது. இதையோ பகலிலேயே அடுக்கி, நன்றாக ஆறியபின் மூடிக் குளிர்ப்பெட்டியில் வைத்துவிட்டு, அவர் கிளம்பும் நேரம் பார்த்து ஓவனில் வைக்கலாம். குளிர்ந்திருப்பதால் முக்கால் மணி நேரம் பிடிக்கும். நடுப்பாகம் ஆவி பறக்கச் சூடாகியிருக்க வேண்டும். ஹஜ்ஜுப் பெருநாளை அடுத்து வீட்டில் சுட்ட கறி மீந்தால் அதையும் கத்தியால் பொடியாகக் கொத்தி இப்படியே செய்யலாம். சீமையில் இந்தப் பதார்த்தத்தைப் பெரும்பாலும் மீந்துபோன சுட்ட கறியில்தான் செய்துவந்தார்கள். ஆனால் ஏற்கனவே வெந்த கறியாகையால் கடைசியில் சேர்த்து ஒரு கொதி மட்டும் விடுங்கள். இல்லையேல் நாராகிவிடும். செய்து மீந்ததை நம் ஊர்ப் புழுக்கத்தில் மேசைமேல் வைத்திருக்காமல் உடனே குளிர்ப்பெட்டியில் வைத்து, மூன்று நாளுக்குள் முடித்துவிடுங்கள்.

இவ்வளவும் தெரிந்துகொண்ட பின் அந்தப் பெண்மணி கடைக்கு வந்தபோது, என் தவறைச் சொல்லி, ஒரு கிலோ ரஸ்ஸெட் கிழங்கைக் காசு வாங்காமல் கொடுத்தேன். வேண்டாம் என்று மறுத்துப் பிறகு எடுத்துக்கொண்டார். நாலைந்து நாள் கழித்து வந்து இன்னும் இரண்டு கிலோ வேண்டும் என்றார். மாமி சாப்பிட்டார்களா என்று கேட்டேன். "தட்டைத் துடைத்து வைத்துவிட்டார்கள் நானா. அப்புறம், 'எல்லாம் சரிதான், கடித்துக்கொள்ளப் பச்சை மிளகாய் எங்கே?' என்று கேட்டார்கள்" என்றார்.