மக்கள் நீதிமன்றமா, தவணை டிகிரியா, மஞ்சள் கடுதாசியா?

இந்தியன் ஓவர்சீஸ் வங்கி 1937-இல் காரைக்குடி, சென்னை, ரங்கூன் ஆகிய மூன்று ஊர்களிலும் ஒரே நாளில் தொடங்கப்பட்டது. வட்டிக்கணக்கு எழுதியே பெயர் வாங்கிய சீமை செட்டிநாடு. அப்படியிருந்தும், இளையாத்தங்குடியில் கடன் பாக்கி வைத்தவர் வீட்டுக்கு வங்கியின் பதிவுத் தபால் வந்தால் பிரிக்காமலே அலமாரியில் சொருகிவிடுவார். முதலில் அதைப் பிரித்துப் படியுங்கள். எந்த வழி என்பது எந்தத் தபால் என்பதில்தான் இருக்கிறது.

மக்கள் நீதிமன்ற அழைப்பு என்றால் பயம் வேண்டாம். கட்டணம் கிடையாது; வழக்கே போடாத பாக்கியையும் அங்கே பேசலாம். உங்கள் சம்மதம் இல்லாமல் ஒரு ரூபாய்கூட அந்த அமர்வு விதிக்க முடியாது. வாராக்கடன் கணக்கை முடிக்கும் அவசரம் மேலாளருக்கும் உண்டு. வட்டியில் இறங்கி வருவார்.

சிக்கல் கையெழுத்தில் இருக்கிறது. 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 21-ஆம் பிரிவுப்படி அந்தத் தீர்வு சிவில் கோர்ட் டிகிரிக்குச் சமம், அப்பீல் கிடையாது. நான்கு லட்சப் பாக்கியை இரண்டரை லட்சமாகப் பேசி, ஐந்து தவணை போட்டுக்கொள்கிறீர்கள் என்று வையுங்கள். ‘தவணை தவறினால் தள்ளுபடி ரத்து’ என்று கடைசி வரியில் இருந்தால், மூன்றாம் தவணையில் தவறினாலும் பழைய பாக்கி முழுதும் திரும்பி வரும்; வங்கி நேரே நிறைவேற்று மனு போடும். அறுப்புக்குப் பிறகு கட்டலாம், மலேசியாவிலிருந்து தம்பி அனுப்புவான் என்ற நம்பிக்கையில் கையெழுத்துப் போடாதீர்கள். முக்கால்வாசிப் பணமாவது கையில் இருக்க வேண்டும்.

பணம் இல்லை, மாத வருமானம் மட்டும் உண்டு. அடமானம் இல்லாத கடனுக்கு வங்கி வழக்குப் போட்டுவிட்டது. இந்த நிலையில் இருப்பவருக்குத் தவணை டிகிரிதான் என் சிபாரிசு. சிவில் நடைமுறைச் சட்டம் 20-ஆம் கட்டளை 11-ஆம் விதிப்படி, தக்க காரணம் காட்டினால் நீதிபதியே தவணை போட்டுத் தரலாம். டிகிரி ஆவதற்கு முன்பே கேட்க வேண்டும்; ஆன பிறகு என்றால் வங்கியின் சம்மதம் தேவை. ஆஜராகாமல் எக்ஸ்பார்ட்டி ஆகிறவர் இந்த வாய்ப்பைத்தான் தொலைக்கிறார். அசலில் தள்ளுபடி கிடைக்காது, செலவுத்தொகையும் தலையில் விழும். ஆனால் தவணைத் தொகையை உங்கள் வரும்படியை வைத்துக் கேட்கலாம்.

வீட்டை அடமானம் வைத்தவருக்கு வருவது சர்ஃபேசி சட்டப்படியான நோட்டீஸ். 60 நாள் அவகாசம். அதற்குள் ஆட்சேபம் எழுதிக் கொடுத்தால் வங்கி 15 நாளில் பதில் தர வேண்டும். சுவாதீனம் எடுத்த பிறகு 45 நாளில் மதுரை கடன் வசூல் தீர்ப்பாயம் போகலாம். விவசாய நிலத்தை இந்தச் சட்டம் தொடாது. செட்டிநாட்டு வளவு வீடுகளில் இன்னொன்றும் உண்டு: பங்காளிகளில் ஒரு புள்ளி, அதாவது ஒரு குடும்பம், மட்டும் அடமானம் வைத்திருந்தால், கையெழுத்துப் போடாத மற்றப் புள்ளிகளும் தீர்ப்பாயத்தில் மனுச் செய்யலாம்.

வங்கியோடு நேரே பேசி முடிக்கும் ஓடிஎஸ்-ஐ உரிமையாகக் கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2021 டிசம்பரில் சொல்லிவிட்டது. கிடைத்தாலும் சிபிலில் ‘செட்டில்டு’ என்று ஏறும்.

மஞ்சள் கடுதாசி, அதாவது திவால் மனு, கடைசி வழி. 1920-ஆம் ஆண்டு மாகாண இன்சால்வென்சி சட்டத்தில் ஓர் ஏற்பாடு உண்டு: கடன் கொடுத்தவர்களில் பெரும்பான்மையினர், தொகையில் முக்கால் பங்குக்கு உரியவர்கள், ஒத்துக்கொண்டால் கோர்ட் ஒப்புதலோடு குறைத்துக் கட்டலாம். ரூபாய்க்கு ஆறணா என்ற கணக்கு அந்தச் சட்டத்தில் இன்னும் இருக்கிறது. ஆனால் அடமானம் பிடித்த வங்கியை அது கட்டாது. வீட்டைக் காப்பாற்ற மஞ்சள் கடுதாசி கொடுக்கச் சொல்கிறவர் பேச்சைக் கேட்காதீர்கள்.

எந்த வழியில் முடித்தாலும் பத்திரத்தைக் கேட்டு வாங்குங்கள். கணக்கு முடிந்த 30 நாளில் மூலப்பத்திரம் திரும்ப வர வேண்டும். வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் ரிசர்வ் வங்கியின் உத்தரவு.