தபால் வாக்கும் முன்வாக்கும்: நியூ சவுத் வேல்ஸ் மாநிலத் தேர்தலுக்கு ஒரு பாடம்



சில வாரங்களுக்கு முன் வெள்ளிக்கிழமைப் பூசை முடிந்து அன்னதான மண்டபத்தில் இருந்தபோது ஒரு பெரியவர் என்னிடம் கேட்டார். "தம்பி, தபால் வாக்கு எண்டது கவுண்மேந்து உத்தியோகத்தருக்குத்தானே? எங்களுக்கு எப்பிடித் தருவாங்கள்?" பக்கத்தில் இருந்தவர்களில் பாதிப்பேர் ஆமென்று தலையாட்டினார்கள். அந்தத் தலையாட்டல்தான் இக்கட்டுரைக்குக் காரணம்.

பெரியவர் சொன்னதில் பிழை இல்லை. இலங்கையில் தபால் வாக்கு என்பது அரசாங்க ஊழியருக்கும், முப்படையினருக்கும், பொலிசாருக்கும், தேர்தல் கடமையில் இருப்போருக்குமான ஏற்பாடு. தேர்தலுக்குச் சில நாள் முன்பு தங்கள் கந்தோரிலேயே அவர்கள் வாக்குச்சீட்டில் புள்ளடி இடுவார்கள். பள்ளிக்கூட வாத்தியார் போடுவதைக் கண்டிருப்போம். கடைக்காரரோ கமக்காரரோ போட்டதைக் கண்டதில்லை. அந்தப் படத்தை மனதில் வைத்துக்கொண்டே இங்கும் வந்துவிட்டோம். நானும் அப்படித்தான் வந்தேன். அதற்கு 55 டொலர் கட்டினேன்.

கதை இதுதான். 2019 மார்ச் 23ஆம் திகதி மாநிலத் தேர்தல். குடியுரிமை கிடைத்தபின் எனக்கு வந்த முதல் மாநிலத் தேர்தல் அது. அன்று ஒரு வாடிக்கையாளரின் களஞ்சிய இருப்பைக் கணக்கெடுக்க நியூகாசிலுக்குப் போகவேண்டி இருந்தது. என் பெயர் பதிந்த இடத்துக்குப் பக்கத்தில் உள்ள வாக்குச்சாவடியில் மட்டுந்தான் வாக்களிக்கலாம் என்று நினைத்துக்கொண்டு, வேலையை அவசரமாக முடித்து நெடுஞ்சாலையில் திரும்பி வந்தேன். தூங்காபியை அடைந்தபோது மணி ஆறே கால். கதவு பூட்டியாயிற்று. வாக்களிப்பு மாலை 6 மணிக்கு முடியும்.

உண்மையில் நான் நியூகாசிலிலேயே ஒரு பள்ளிக்கூடத்துக்குள் நுழைந்து வாக்களித்திருக்கலாம். மாநிலத் தேர்தலில் தேர்தல் நாளன்று மாநிலத்தின் எந்த வாக்களிப்பு நிலையத்திலும் உங்கள் தொகுதிக்கான சீட்டைக் கேட்டு வாங்கலாம். அல்லது முதல் இரண்டு வாரங்களில் ஏதாவது ஒரு நாள் முன்கூட்டியே போட்டிருக்கலாம். இரண்டுமே எனக்குத் தெரியாது. அபராதக் கடிதம் வந்தபோது கட்டிவிட்டுப் பேசாமல் இருந்தேன். பல்கலைக்கழகத்தில் படித்து, பிறருக்கு வரிச்சட்டம் சொல்லிக்கொடுத்துச் சம்பாதிப்பவன், இதை யாரிடம் சொல்வது?

பணம் பெரிதல்ல. 2005 நவம்பரில் இலங்கையில் ஜனாதிபதித் தேர்தல் நடந்தபோது யாழ்ப்பாண மாவட்டத்தில் வாக்களித்தவர்கள் நூற்றுக்கு இரண்டு பேர்கூட இல்லை. நானும் போகவில்லை. ஏன் என்பது இதை வாசிக்கும் பலருக்குத் தெரியும். பதினான்கு ஆண்டுகளுக்குப் பிறகு, எவரும் தடுக்காத ஒரு நாட்டில், என் அறியாமை என்னைத் தடுத்தது. இதுதான் என்னை உறுத்தியது.

இனிப் பாடத்துக்கு வருவோம். எந்தக் கட்சிக்குப் போடுவது என்பது இக்கட்டுரையின் வேலை அல்ல. ஆலயத்தின் வேலையும் அல்ல.

முன்கூட்டிய வாக்களிப்பு என்றால் தேர்தல் நாளுக்கு முன்பாகவே இதற்கெனத் திறக்கப்படும் நிலையத்துக்கு நேரில் போய் வாக்களிப்பது. 2019இல் இதற்கு இரண்டு வாரம் இருந்தது. பின்னர் சட்டத்தைத் திருத்தினார்கள். 2023 மார்ச் 25 தேர்தலுக்கு மார்ச் 18 முதல் 24 வரை ஒரு வாரம் மட்டுமே தந்தார்கள். "இரண்டு கிழமை இருக்கு, ஆறுதலாப் போடலாம்" என்று சொல்லும் நண்பர்கள் இதைக் கவனிக்க வேண்டும். அடுத்த தேர்தல் 2027 மார்ச்சில் வருகிறது. அதற்கான நாட்களையும் நிலையங்களின் நேரங்களையும் தேர்தல் ஆணைக்குழு அறிவிப்பதைப் பார்த்தே போகவேண்டும். எல்லாப் பள்ளிக்கூடங்களும் முன்வாக்குக்குத் திறப்பதில்லை. ஒரு தொகுதியில் சில இடங்கள்தான்.

முன்வாக்குக்கு ஒரு காரணம் இருக்கவேண்டும் என்பது சட்டம். பயப்படத் தேவையில்லை. அன்று வேலை செய்வது, பயணத்தில் இருப்பது, மாநிலத்துக்கு வெளியே இருப்பது, நோய், கர்ப்பம், உடல் இயலாமை, ஒருவரைப் பராமரிக்க வேண்டியிருப்பது, சமய நம்பிக்கை காரணமாக அன்று போக முடியாமை ஆகியவை எல்லாம் ஏற்கப்படும் காரணங்கள். மருத்துவரின் கடிதமோ முதலாளியின் கடிதமோ கேட்பதில்லை. காரணம் உண்டா என்று கேட்பார்கள். உண்மையாகச் சொல்ல வேண்டியது உங்கள் பொறுப்பு. எமது இளைஞர்களில் பலர் முதியோர் இல்லங்களிலும் களஞ்சியங்களிலும் சனிக்கிழமை வேலை செய்கிறார்கள். டாக்சி ஓடுபவர்களுக்குச் சனிக்கிழமைதான் உழைப்பு. இவர்களுக்கு முன்வாக்கே பொருத்தம். மாநிலத் தேர்தல் பங்குனித் திருவிழாக் காலத்தை ஒட்டி வருவதையும் மறக்க வேண்டாம். மடப்பள்ளியில் நிற்பவர்கள் ஐந்தரை மணிக்கு ஈரக் கையோடு ஓடுவதை நான் பார்த்திருக்கிறேன்.

உள்ளே போனால் கேட்பது மூன்றே கேள்விகள். முழுப்பெயர் என்ன, வசிப்பது எங்கே, இத்தேர்தலில் ஏற்கனவே வாக்களித்தீர்களா. அடையாள அட்டை கேட்பதில்லை. விரலில் மை பூசுவதில்லை. பெயர் விடயத்தில் மட்டும் எம்மவருக்குச் சிக்கல் வரும். தகப்பன் பெயர் முதலிலா கடைசியிலா, கணவன் பெயர் சேர்ந்ததா இல்லையா என்று இடாப்பில் ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு மாதிரி. போகுமுன் ஆணைக்குழுவின் இணையத்தளத்தில் உங்கள் பெயர் எப்படிப் பதிந்திருக்கிறது என்று பார்த்து, அப்படியே ஒரு துண்டில் எழுதிக்கொண்டு போங்கள். எழுத்தைக் காட்டினால் தேடுபவருக்கும் சுகம். வீடு மாறியவர்கள் விலாசத்தையும் அப்போதே திருத்திக்கொள்ளலாம்.

தபால் வாக்கு இதிலும் கொஞ்சம் நுணுக்கம் கூடியது. விண்ணப்பிக்க வேண்டும், ஒருமுறை விண்ணப்பித்தால் அந்த ஒரு தேர்தலுக்குத்தான். நீண்டகால நோயாளிகளும், உடல் இயலாதோரும், அவர்களை விட்டு நகர முடியாதோரும் பொதுத் தபால் வாக்காளர் பதிவில் சேர்ந்துகொண்டால் ஒவ்வொரு தேர்தலுக்கும் பொதி தானாக வீட்டுக்கு வரும். வீட்டில் படுக்கையில் ஒருவர் இருப்பவர்கள் இதை இப்போதே செய்யலாம்.

இங்கே ஒரு கணக்குப் போட்டுக் காட்டுகிறேன். 2023இல் தபால் வாக்குக்கு விண்ணப்பிக்கக் கடைசி நாள் மார்ச் 20 திங்கள் மாலை 6 மணி. தேர்தல் மார்ச் 25 சனிக்கிழமை. திங்கள் மாலை விண்ணப்பித்தவரின் பொதி செவ்வாய் புறப்பட்டது என்று வையுங்கள். அவுஸ்திரேலியாத் தபால் சேவை 2024இல் இருந்து பெரும்பாலான இடங்களில் ஒன்றுவிட்டு ஒரு வேலை நாளில்தான் சாதாரணக் கடிதங்களை விநியோகிக்கிறது. பொதி வியாழன் வந்தால் அதிர்ஷ்டம். திங்கள் வந்தால் குப்பை. ஏனென்றால் சீட்டைச் சனி மாலை 6 மணிக்கு முன்னரே எழுதி முடித்திருக்க வேண்டும். சட்டம் தந்த கடைசி நாளை உங்கள் நாளாக எடுக்காதீர்கள். (ஒக்டோபர் 30ஆம் திகதி இரவு சப்பாத்துப் பெட்டி நிறைய ரசீதுகளோடு என் வீட்டுக்கு வருபவர்களுக்கும் இது பொருந்தும்.) விண்ணப்பம் திறந்த வாரத்திலேயே போட்டுவிட்டால் இந்தக் கணக்கு எதுவும் தேவையில்லை.

எழுதி முடித்த வாக்கு ஆணைக்குழுவுக்குப் போய்ச்சேர 2023இல் ஏப்ரல் 6 மாலை 6 மணி வரை அவகாசம் இருந்தது. அதனால்தான் தேர்தல் இரவுத் தொலைக்காட்சியில் முடிவு சொன்ன பிறகும் எண்ணிக்கை நாட்கணக்கில் நீள்கிறது. "எங்கட தபால் வாக்கை ஆர் எண்ணப் போறான்" என்று சொல்பவர்களுக்கு ரைட் தொகுதியைக் காட்டுவேன். 2023இல் அங்கே மறு எண்ணிக்கை வரை போய், முடிவில் வித்தியாசம் 54 வாக்குகள். எமது ஆலயத்தின் ஒரு வெள்ளிக்கிழமைப் பந்தியில் அதைவிடக் கூட ஆட்கள் இருப்பார்கள். 93 ஆசனங்களில் 47 இருந்தால் பெரும்பான்மை. வென்ற கட்சிக்குக் கிடைத்தது 45. ஒவ்வோர் ஆசனமும் எண்ணப்பட வேண்டிய நிலை.

பொதியில் வரும் அறிவுறுத்தலை வரி வரியாக வாசியுங்கள். உறையில் கேட்ட இடமெல்லாம் கையொப்பமும் திகதியும் இருக்கவேண்டும். விண்ணப்பத்தில் தமிழில் கையொப்பமிட்ட அம்மம்மா உறையிலும் தமிழிலேயே இடட்டும். கணவனும் மனைவியும் ஒரே மேசையில் இருந்து எழுதினால் உறைகள் மாறிப்போகாமல் பாருங்கள். தபாலிலும் போட்டு நேரிலும் போடுவது குற்றம்.

அடுத்து நான் எழுத விரும்பாத, ஆனால் எழுத வேண்டிய விடயம். 2023இல் என் தாயாருக்கு முழங்கால் சத்திரசிகிச்சை முடிந்து நடக்க முடியாத நேரம். தபால் பொதி வந்தது. வீட்டில் எல்லாப் படிவமும் நான் நிரப்புவதுதான் வழக்கம். மெடிகெயார், சென்ரர்லிங்க், வங்கி எல்லாம். அந்தப் பழக்கத்தில் பேனையை எடுத்து, "அம்மா, நான் போட்டுவிடுறன், நீங்கள் உறையிலை கையெழுத்து மட்டும் வையுங்கோ" என்றேன். அம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு சொன்னார்: "ஊரிலை ஒருக்கா நான் வரிசையிலை நிண்டு உள்ளுக்குப் போக, உங்கட வாக்கு ஏற்கனவே போட்டாச்சு அம்மா எண்டு திருப்பி அனுப்பினவங்கள். இஞ்சை நீ போடப் போறியோ, தம்பி?"

பேனையை அவரிடம் கொடுத்தேன். பெயர்களை மட்டும் ஒவ்வொன்றாக வாசித்துக் காட்டும்படி சொன்னார். வாசித்தேன். பிறகு என்னை அறையை விட்டு வெளியே போகச் சொன்னார். யாருக்குப் போட்டார் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

உதவி தேவைப்படுபவர் தனக்கு உதவ ஒருவரைத் தானே தெரிவு செய்யலாம். சட்டம் அதை அனுமதிக்கிறது. ஆனால் உதவி என்பது அவர் சொன்னதை எழுதுவது. எங்கள் வீடுகளில் பிள்ளைகள் பெற்றோருக்கும், கணவன்மார் மனைவிமாருக்கும் அன்பினாலேயே இதை மாற்றிச் செய்துவிடுகிறோம். பார்வையற்றோருக்கும் பார்வை குறைந்தோருக்கும் தொலைபேசி மூலம் வாக்களிக்கும் வசதியும் 2023இல் இருந்தது. இணையத்தில் வாக்களிக்கும் ஐவோட் முறை 2021 டிசம்பர் உள்ளூராட்சித் தேர்தலில் பழுதுபட்டதால் 2023இல் பயன்படுத்தப்படவில்லை. அதை நம்பி இருக்க வேண்டாம்.

வீட்டில் மேசையில் வைத்து எழுதும்போது பிழை விட்டால் கேட்க அருகில் உத்தியோகத்தர் இல்லை. ஆகையால் சீட்டைப் பற்றியும் இரண்டு வரி. மாநிலத்தின் கீழ்ச்சபைச் சீட்டில் ஒருவருக்கு 1 என்று இலக்கம் இட்டால் போதும். விரும்பினால் 2, 3 என்று தொடரலாம். மத்திய பாராளுமன்றத்தின் கீழ்ச்சபைக்கு அப்படி அல்ல. எல்லாப் பெட்டிகளுக்கும் இலக்கம் இடவேண்டும். 2025 மே மாதம் மத்திய தேர்தலில் எழுதிய பழக்கத்தில் மாநிலச் சீட்டில் எல்லாவற்றையும் நிரப்பினால் குற்றமில்லை. மாறிச் செய்தால்தான் வாக்கு வீண். மாநில மேற்சபையின் பெரிய சீட்டில் கோட்டுக்கு மேலே ஒரு பெட்டியில் 1, அல்லது கோட்டுக்குக் கீழே குறைந்தது 15 வேட்பாளர்களுக்கு இலக்கம். வாசலில் கட்சிக்காரர் நீட்டும் தாளை வாங்கவும் வேண்டாம், வாங்கியபடி எழுதவும் வேண்டாம். அது அவர்களின் விருப்பம்.

மார்ச்சில் ஊருக்குப் போக இருப்பவர்கள் ரிக்கெற் எடுக்குமுன் திகதியைப் பாருங்கள். முன்வாக்கு வாரம் தொடங்கிய பிறகு விமானம் ஏறுவதானால் போகிற வழியில் போட்டுவிட்டுப் போகலாம். அதற்கு முன்பே போவதானால் தபால் பொதி யாழ்ப்பாணம் போய்த் திரும்பி வரும் காலத்தை நம்பி இருக்க வேண்டியதுதான்.

குடியுரிமை பெற்ற பதினெட்டு வயதினருக்கே இவையெல்லாம். எமக்கு அருகில் ஒரே பந்தியில் இருந்து உண்ணும் சிலர் பத்து ஆண்டுக்கு மேலாக விசா முடிவுக்குக் காத்திருக்கிறார்கள். அவர்களுக்கு இந்தப் பொதி வராது. அவர்கள் காதில் விழ "வாக்குப் போடுறது ஒரு கரைச்சல்" என்று சொல்லாமல் இருப்போம்.

மாநிலத் தேர்தலுக்கு முன் ஒரு ஞாயிறு, சமய வகுப்பு முடிந்தபின், கலாசார மண்டபத்தில் மாதிரிச் சீட்டுகளில் எழுதிப் பழகலாம் என்று நிர்வாகசபையினர் இசைந்துள்ளனர். வேட்பாளர் பெயர்களுக்குப் பதிலாகக் காய்கறிகளின் பெயர் இருக்கும். முதியவர்கள் வாசிக்கும் மூக்குக்கண்ணாடியை மறக்காமல் கொண்டு வாருங்கள்.