இலையுதிர்காலச் சுவையில் வாஃபிள் அப்பம்

கட்டங்கட்டமாக அச்சுப் பதிந்து, மேலே மொறுமொறுப்பும் உள்ளே மென்மையும் கொண்ட ஒருவகை அப்பத்தை வாஃபிள் என்பர். கோலாலம்பூர்ப் பேரங்காடிகளிலும் கிள்ளான் வட்டார இரவுச் சந்தைகளிலும் மாணவர் பலர் இதனைக் கண்டிருப்பர். மேலை நாடுகளில் இலையுதிர்காலம் வந்ததும், பரங்கிக்காயும் பட்டையும் கலந்து இதனைச் சுட்டுப் பழங்களுடன் உண்பர். அதனை நம் வீட்டிலேயே செய்யும் முறையையும், அதில் அடங்கியுள்ள அறிவையும் இக்கட்டுரையில் காண்போம்.

இலையுதிர்காலம் யாது?

பூமியின் வட பகுதியிலுள்ள குளிர் நாடுகளில் செப்டம்பர் முதல் நவம்பர் வரை இலையுதிர்காலமாகும். அப்பொழுது பகல் குறுகும், குளிர் மிகும். இலைகளிலுள்ள பச்சையம் சிதையும்போது மஞ்சள் வெளிப்படும், சிவப்பும் உண்டாகும். பின்னர் இலைகள் உதிர்ந்துவிடும். ஆப்பிளும் பரங்கிக்காயும் அறுவடையாகும் காலமும் அதுவே.

நம் நாடு நிலநடுக்கோட்டை அடுத்திருப்பதால் இங்கு அத்தகைய பருவம் இல்லை. ஆயினும் இலையுதிர்வைத் தோட்ட மக்கள் நன்கறிவர். ஆண்டின் தொடக்க மாதங்களில் ரப்பர் மரங்கள் இலையுதிர்த்துப் பின் துளிர்க்கின்றன. அக்காலத்தில் பால் குறையும். பால்வெட்டுவோரின் வருவாயும் உடன் குறையும். மேலைநாட்டாருக்கு விருந்துக் காலமாகிய இலையுதிர்வு, நம் தோட்ட மக்களுக்குச் சிக்கனக் காலமாகவே இருந்து வந்துள்ளது.

சுவை எங்கிருந்து சென்றது?

இலையுதிர்காலச் சுவை எனப்படுவது பட்டை, கிராம்பு, ஜாதிக்காய், சுக்கு ஆகியவற்றின் மணமே. இவற்றுள் ஒன்றேனும் அக்குளிர் நாடுகளில் விளைவதன்று. பட்டை இலங்கையிலிருந்தும், கிராம்பு மலுக்குத் தீவுகளிலிருந்தும், ஜாதிக்காய் பண்டாத் தீவுகளிலிருந்தும் கப்பலேறிச் சென்றன. பின்னாளில் பினாங்கிலும் ஜாதிக்காய் பயிராயிற்று. எனவே, அயல்நாட்டுச் சுவை என்று நாம் விலை கொடுத்து வாங்குவது, பிரிக்ஃபீல்ட்ஸ், கிள்ளான் மளிகைக் கடைகளிலும் நம் சமையலறையிலும் உள்ள சுவையேயாகும்.

அச்சின் கதை

வாஃபிள் அச்சு என்பது கீலால் இணைந்த இரண்டு இரும்புத் தட்டுகள். பழங்காலத்தில் ஐரோப்பியர் நீண்ட கைப்பிடியுள்ள அச்சை நெருப்பில் காட்டி அப்பம் சுட்டனர். அடுப்பின்மேல் வைத்துத் திருப்பக்கூடிய அச்சு ஒன்றுக்கு அமெரிக்காவில் கொர்னீலியஸ் ஸ்வார்ட்வவுட் என்பவர் 1869ஆம் ஆண்டு காப்புரிமை பெற்றார். இன்று மின் அச்சுகள் வந்துவிட்டன.

சீனப் புத்தாண்டின்போது அண்டை வீட்டார் சுடும் கூவே காப்பிட்டும் இத்தகைய இரட்டைத் தட்டு அச்சிலேயே உருவாகிறது. தீபாவளிக்கு நாம் செய்யும் அச்சு முறுக்குக்கு அச்சு வேறு. ஆயினும் விதி ஒன்றே. மாவு படுமுன் இரும்பு நன்கு காய்ந்திருத்தல் வேண்டும். காயாத அச்சில் மாவு ஒட்டிக்கொள்ளும்.

தேவையான பொருள்கள்

கோதுமை மாவு 2 கோப்பை, பேக்கிங் பவுடர் 3 தேக்கரண்டி, பட்டைத்தூள் 1 தேக்கரண்டி, சுக்குத்தூள் அரைத் தேக்கரண்டி, ஜாதிக்காய்த்தூள் கால் தேக்கரண்டி, கிராம்புத்தூள் 1 சிட்டிகை, உப்பு அரைத் தேக்கரண்டி, சர்க்கரை 2 மேசைக்கரண்டி, முட்டை 2, வேகவைத்து மசித்த பரங்கிக்காய் 1 கோப்பை, பால் ஒன்றரைக் கோப்பை, உருக்கிய வெண்ணெய் 4 மேசைக்கரண்டி.

பழக்கலவைக்கு: நறுக்கிய அன்னாசி 2 கோப்பை, பீசாங் மாஸ் வாழைப்பழம் 4, பட்டை 1 துண்டு, எலுமிச்சைச் சாறு சிறிது.

செய்முறை

1. மாவு, பேக்கிங் பவுடர், மணப்பொருள்கள், உப்பு, சர்க்கரை ஆகியவற்றை ஒன்றாகச் சலித்துக்கொள்க.

2. முட்டையின் மஞ்சட்கருவைப் பரங்கிக்காய், பால், வெண்ணெயுடன் கலந்து, மாவில் ஊற்றி மெல்லக் கிளறுக. மிகுதியாகக் கிளறினால் அப்பம் கடினமாகும்.

3. வெண்கருவைத் தனியே நுரை பொங்க அடித்து, மாவில் மென்மையாகச் சேர்க்க.

4. அச்சைச் சூடாக்கி, எண்ணெய் தடவி, ஒரு கரண்டி மாவு ஊற்றி மூடுக. 4 அல்லது 5 நிமிடத்தில் வெந்துவிடும். பக்கங்களில் எழும் ஆவி அடங்குவதே பதம். அதற்குமுன் திறந்தால் அப்பம் இரண்டாகப் பிளந்துபோகும்.

5. அன்னாசியைப் பட்டையுடன் சிறிது நீர்விட்டு, இளகும்வரை வேகவைக்க. இறக்கியபின் வாழைப்பழத் துண்டுகளையும் எலுமிச்சைச் சாற்றையும் சேர்த்து, அப்பத்தின்மேல் பரப்புக.

அச்சு இல்லாதோர் கவலையுற வேண்டா. தோசைக்கல்லில் இம்மாவைச் சிறு வட்டங்களாக ஊற்றி, மிதமான தீயில் மூடிச் சுடலாம். கட்டங்கள் இரா, சுவை குறையாது.

அறிவியல் உண்மை

பேக்கிங் பவுடர் நனைந்து சூடேறும்போது கரியமில வாயு வெளிப்படுகிறது. வெண்கரு நுரையில் அடைபட்ட காற்றும் வெப்பத்தால் விரிகிறது. இவை இரண்டும் அப்பத்தை உப்பச் செய்கின்றன. கட்டங்கள் அழகுக்காக மட்டும் அமைந்தவையல்ல. அவை சூடுபடும் பரப்பை மிகுவித்து மொறுமொறுப்பைத் தருகின்றன. பழச்சாற்றையும் தேக்கி வைக்கின்றன.

கருத்தில் கொள்ள வேண்டியவை

அச்சைக் கையாளுவது பெரியோர் பணி. ஈரக் கையால் மின் அச்சைத் தொடலாகாது. அதனை நீரில் அமிழ்த்தவும் கூடாது. மாவைச் சலித்தல், பரங்கிக்காயை மசித்தல், அளந்து எடுத்தல் ஆகியவற்றைச் சிறுவர் செய்யலாம்.

பெற்றோர்க்கும் ஒரு சொல். 2019ஆம் ஆண்டின் தேசிய உடல்நல ஆய்வில், மலேசியாவில் வயது வந்தோருள் ஏறத்தாழ ஐவரில் ஒருவருக்கு நீரிழிவு இருப்பது தெரியவந்தது. இந்தியரிடையே அது மேலும் மிகுதி. வெளியில் வாங்கும் அப்பத்தின்மேல் ஊற்றப்படும் பாகின் அளவை நாம் அறியோம். வீட்டிலோ கரண்டி நம் கையில் உள்ளது. ஆதலால்தான் மேற்கூறிய பழக்கலவையில் சர்க்கரை சேர்க்கப்படவில்லை. பழத்தின் இனிப்பே போதுமானது. இதுவும் நாள்தோறும் உண்பதற்குரிய உணவன்று. விடுமுறை நாளில் குடும்பத்தார் ஒன்றுகூடி உண்ணும் சிற்றுண்டியாக அமைதலே நன்று.

விலையுயர்ந்த பண்டமே சிறந்தது என்று எண்ண வேண்டா. கொல்லைப் பரங்கிக்காயும், சந்தை வாழைப்பழமும், சிறிது பட்டையும் இருந்தால் குளிர் நாட்டு விருந்து நம் வீட்டிலும் நடைபெறும். செய்து பார்த்து, அண்டை வீட்டாருக்கும் அளித்து மகிழ்வோமாக!

விடை கூறுக

1. ரப்பர் மரம் இலையுதிர்க்கும் காலத்தில் தோட்ட மக்களின் வருவாய் ஏன் குறைகிறது?
2. அச்சிலிருந்து ஆவி எழும்போதே அதனைத் திறந்தால் என்ன நேரும்?
3. அச்சு முறுக்குக்கும் வாஃபிளுக்கும் பொதுவான விதி யாது?