ரேணி ஊர்ப் பெண்கள்

இமயமலையில் உள்ளது உத்தராகண்ட் மாநிலம். அதில் ஒரு மாவட்டம் சமோலி. அங்கே ரிஷிகங்கா ஆற்றின் அருகே ஒரு சிறிய ஊர் இருக்கிறது. அதன் பெயர் ரேணி.

மலைச்சரிவில் படிப்படியாக வயல்கள். கேழ்வரகு, குதிரைவாலி, ராஜ்மா பயறு எல்லாம் அங்கே விளையும். விறகும் மாட்டுக்குத் தழையும் காட்டிலிருந்துதான் வரவேண்டும். அவற்றைச் சுமந்து வருவது பெண்களின் வேலை.

முன்பு இந்தப் பகுதி மக்கள் திபெத்துடன் வணிகம் செய்தார்கள். தானியம் கொண்டு போனார்கள். உப்பும் கம்பளியும் கொண்டு வந்தார்கள். 1962-இல் சீனாவுடன் போர் வந்தது. எல்லை மூடப்பட்டது. வணிகம் நின்றது. அதன்பின் காடுதான் பெரிய துணை.

1970-இல் அலக்நந்தா ஆற்றில் பெருவெள்ளம் வந்தது. மரம் வெட்டிய சரிவுகளில் மண் நிற்கவில்லை. மக்கள் இதைக் கண்ணால் பார்த்தார்கள்.

ஆனாலும் ரேணிக் காட்டு மரங்கள் ஏலம் விடப்பட்டன. 1974 மார்ச் 26. அன்று ஊர் ஆண்கள் நிலத்துக்கான இழப்பீடு வாங்கச் சமோலிக்குப் போயிருந்தார்கள். அந்த நேரம் பார்த்து மரம் வெட்டும் ஆட்கள் வந்தார்கள்.

ஒரு சிறுமி அவர்களைப் பார்த்தாள். ஓடிப்போய் கௌரா தேவியிடம் சொன்னாள். கௌரா தேவி பள்ளிக்கூடம் போகாதவர். கணவரை இழந்தவர். ஊர் மாதர் சங்கத்தின் தலைவி. அவர் இருபதுக்கும் மேற்பட்ட பெண்களைத் திரட்டிக்கொண்டு காட்டுக்குப் போனார்.

“இந்தக் காடு எங்களுக்குத் தாய்வீடு. இதை வெட்டாதீர்கள்” என்று பெண்கள் கேட்டுக்கொண்டார்கள். வந்தவர்கள் ஏசினார்கள். ஒருவன் துப்பாக்கியைக் காட்டினான். பெண்கள் நகரவில்லை. இரவெல்லாம் காவல் இருந்தார்கள். கடைசியில் மரம் வெட்ட வந்தவர்கள் திரும்பிப் போனார்கள்.

மரத்தைக் கட்டிக்கொண்டு காக்கும் இந்தப் போராட்டத்துக்குச் ‘சிப்கோ’ என்று பெயர். ‘ஒட்டிக்கொள்’ என்பது அதன் பொருள். பிறகு அரசு ஒரு குழு அமைத்தது. ரேணிப் பகுதியில் மரம் வெட்டத் தடை வந்தது.

2021 பிப்ரவரி 7-இல் ரேணிக்கு மறுபடி துன்பம் வந்தது. மலை உச்சியிலிருந்து பாறையும் பனியும் பெயர்ந்து விழுந்தன. ஆற்றில் வெள்ளம் பாய்ந்தது. ரேணி அருகே இருந்த மின் நிலையம் அழிந்தது. கீழே இன்னொரு மின் திட்டமும் சிதைந்தது. ஏறக்குறைய இருநூறு பேர் இறந்தார்கள் அல்லது காணாமல் போனார்கள். பலர் அங்கே வேலை செய்தவர்கள்.

இந்த வெள்ளத்தைக் காடு தடுத்திருக்க முடியாது. ஆனால் மலையில் எதைக் கட்டலாம், எங்கே கட்டலாம் என்று யோசிக்க வேண்டும். அங்கே வாழும் மக்களையும் கேட்க வேண்டும். மலையின் குணம் அவர்களுக்குத் தெரியும்.

சிந்திப்போம்:
1. ரேணிப் பெண்கள் காட்டை ஏன் தாய்வீடு என்றார்கள்?
2. நம் ஊரில் எல்லோருக்கும் பொதுவாக உள்ளவை எவை? அவற்றை யார் காக்கிறார்கள்?