மேடையினின்று திரைக்கு

வாலிகண்டபுரத்துக்குத் தெற்கே திருச்சிராப்பள்ளியில், லோகிதாசன் வேடந்தாங்கி மேடையேறிய சிறுவனே பிற்காலத்து எம். கே. தியாகராஜ பாகவதர். ஒலிபெருக்கி பரவாத அந்நாளில், தரை டிக்கட்டில் கடைசியில் அமர்ந்தவன் செவிக்கும் பாட்டு எட்டுதல் வேண்டும். ஆதலின் நடிகனுக்குச் சாரீரமே மூலதனமாயிருந்தது. மேடையில் அவர் அருச்சுனனாய் நடித்த 'பவளக்கொடி' 1934இல் பேசும்படமாயிற்று. கொட்டகைப் பாட்டே படத்துள்ளும் புகுந்தது எனலாம்.

1944 தீபாவளியன்று வெளிவந்த 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே கொட்டகையில் மூன்று தீபாவளிகளைக் கண்டது. ஆயின் அதன் நாயகரோ, அவ்வாண்டிலேயே லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் சிறைப்பட்டார்! 1947இல் குற்றமற்றவரென விடுதலையாகி, 1948இல் 'ராஜமுக்தி'யில் தோன்றினார், படம் ஓடவில்லை. சிறைவாசமே காரணமென்பர் பலர். யாம் அதனை முற்றும் ஒப்போம். சாரீரம் மாறவில்லை, ஜனங்களின் செவி வசனத்தை நாடத் தொடங்கிவிட்டது. 1959 நவம்பர் முதல் தேதி பாகவதர் காலமானார்.