அனுப்பப்படாத தந்தியைப் படிப்பது எப்படி?

முதுகலை வரலாறு படிக்கும் வாசகர் ஒருவர் எழுதியிருக்கிறார்: "1938-இல் ஜெர்மனி ஆஸ்திரியாவை இணைத்துக்கொண்டது பற்றிய கேள்விக்கு, ஒரே நாளில் படை நுழைந்தது, மக்கள் பூப்போட்டு வரவேற்றார்கள் என்று எழுதினேன். ஓரத்தில் 'எப்படி?' என்று சிவப்பு மையில் எழுதி, பாதி மதிப்பெண் போட்டிருக்கிறார்கள். இதற்கு மேல் என்ன எழுதுவது?"

தம்பி, அந்தச் சிவப்பு மை நியாயமானது. நானும் பல வருடங்கள் விடைத்தாள் திருத்தியவன். இந்தக் கேள்விக்கு நூற்றுக்குத் தொண்ணூறு பேர் மார்ச் 12 காலையில்தான் தொடங்குவார்கள். அது கல்யாணச் சாப்பாட்டை மட்டும் பார்த்துவிட்டு, நிச்சயதார்த்தம் எப்படி நடந்தது என்று சொல்வதைப் போல. படை எல்லை தாண்டியபோது வேலை முக்கால்வாசி முடிந்துவிட்டது.

முதலில் ஒன்று செய்யுங்கள். ஒரு தாளை நெடுக்காக மடியுங்கள். இடப்பக்கம் பெர்லின், வலப்பக்கம் வியன்னா. இரண்டு ஊருக்கும் ஒரே கடிகார நேரம் என்பதால் குழப்பம் இல்லை. தேதி 1938 மார்ச் 11, வெள்ளிக்கிழமை. மாலையிலிருந்து நடந்ததை மட்டும் மணி போட்டு எழுதுங்கள்.

இரவு எட்டு மணிக்குச் சற்று முன்பு, வியன்னா வானொலியில் சான்சலர் குர்ட் ஷூஷ்னிக் பேசுகிறார். ஜெர்மனி கெடு வைத்து மிரட்டுகிறது; நாட்டில் கலவரம், இரத்த ஆறு என்று பரப்பப்படுவதெல்லாம் கட்டுக்கதை, பலத்துக்குப் பணிந்து விலகுகிறேன், படை நுழைந்தால் நம் ராணுவம் எதிர்க்காது என்று சொல்லி முடிக்கிறார். இதை வலப்பக்கம் எழுதுங்கள். 8.45-க்கு பெர்லினில் ஹிட்லர் படையெடுப்பு உத்தரவில் கையெழுத்திடுகிறார். இது இடப்பக்கம். 8.48-க்கு ஹிட்லரின் வலக்கையான கோயரிங், வியன்னாவில் இருக்கும் தங்கள் ஆள் கெப்லரைத் தொலைபேசியில் பிடித்து ஒரு தந்தியின் வாசகத்தைச் சொல்கிறார். ஆஸ்திரியாவின் தற்காலிக அரசு அமைதியை நிலைநாட்ட ஜெர்மன் படையை அனுப்பும்படி அவசரமாக வேண்டிக்கொள்கிறதாம். கையெழுத்து சைஸ்-இன்க்வார்ட் என்ற நாஜி ஆதரவு அமைச்சருடையதாக இருக்க வேண்டும். அவர் தந்தியை அனுப்பக்கூடத் தேவையில்லை, சரி என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும் என்றும் கோயரிங் சொல்கிறார். ஒரு மணி நேரம் கழித்து, அவர் ஒப்புக்கொண்டுவிட்டதாக கெப்லர் பதில் சொல்கிறார்.

இப்போது இன்னொரு மணியைக் குறியுங்கள். சைஸ்-இன்க்வார்ட்டைச் சான்சலராக நியமிக்கக் கடைசிவரை மறுத்த அதிபர் மிக்லாஸ், நள்ளிரவு நெருங்கும்போதுதான் இறங்கி வருகிறார். ஆக, உதவி கேட்டதாகச் சொல்லப்படும் அந்தத் தற்காலிக அரசு, 8.48-க்கு உலகத்திலேயே இல்லை. வேண்டுகோள் பிறப்பதற்கு மூன்று நிமிடம் முன்பே அதற்கான பதில் கையெழுத்தாகிவிட்டது. வேலிக்கு ஓணான் சாட்சி என்பார்கள். இங்கே ஓணானும் இன்னும் வேலி ஏறவில்லை.

இந்த உரையாடல்கள் நமக்கு எப்படிக் கிடைத்தன என்பதையும் ஒரு வரி சேருங்கள். கோயரிங்கின் சொந்த ஒட்டுக்கேட்பு அலுவலகமே பதிவு செய்து தட்டச்சடித்து வைத்திருந்தது. போருக்குப் பின் அவை நியூரம்பெர்க் விசாரணையில் அவருக்கு எதிராகவே வாசிக்கப்பட்டன.

இதிலிருந்து என் முதல் ஆலோசனை: யாராவது அழைத்ததால் போனோம் என்று ஒரு வல்லரசு சொன்னால், அழைப்பின் வாசகத்தில் நேரத்தைச் செலவிடாதீர்கள். அழைத்தவர் அந்த நேரத்தில் எந்தப் பதவியில் இருந்தார், அந்தப் பதவியை அவருக்கு யார் வாங்கிக் கொடுத்தார்கள் என்று பாருங்கள்.

அதற்கு நான்கு வாரம் பின்னால் போக வேண்டும். பிப்ரவரி 12. பெர்ஷ்டெஸ்காடன் மலைமாளிகைக்கு ஷூஷ்னிக்கை ஹிட்லர் அழைக்கிறார். பேச்சுவார்த்தைக்கு வந்த அண்டை நாட்டுத் தலைவர் முன்னால் கைட்டல் உட்பட மூன்று தளபதிகள் நடமாடுகிறார்கள். அவர்கள் பேச வந்தவர்கள் இல்லை, கண்ணில் படுவதற்காக வரவழைக்கப்பட்டவர்கள். ஷூஷ்னிக் ஓயாமல் சிகரெட் பிடிப்பவர். ஹிட்லர் முன்னால் பிடிக்கக் கூடாது. இதையெல்லாம் சுவாரசியத்துக்காகச் சொல்கிறார்கள் என்று தள்ளிவிடாதீர்கள், ஆனால் இதிலேயே நின்றும் விடாதீர்கள். அன்று கேட்கப்பட்ட பட்டியலில் முக்கியமானது ஒன்றுதான்: சைஸ்-இன்க்வார்ட்டுக்கு உள்துறை, அதாவது போலீஸ். வெளியுறவும் நிதியும் பிறகு வரும். போலீஸ் கைக்கு வந்துவிட்டால் தெருவில் யார் கொடி பிடிக்கலாம், யார் பிடித்தால் அடி விழும் என்பதை முடிவு செய்யலாம். நான்கு நாளில் அந்த நியமனம் நடந்தது. வேலியே பயிரை மேய அன்றே ஏற்பாடாகிவிட்டது.

மாணவர்கள் பெரும்பாலும் விட்டுவிடும் ஆண்டுகள் 1933-உம் 1936-உம். 1933 மே மாதம் ஜெர்மனி ஒரு விதி போட்டது: ஆஸ்திரியாவுக்குப் போகும் ஜெர்மானியர் ஒவ்வொருவரும் ஆயிரம் மார்க் கட்ட வேண்டும். மலைக்கும் ஏரிக்கும் வரும் ஜெர்மன் சுற்றுலாப் பயணியை நம்பிப் பிழைத்த டிரோல், சால்ஸ்பர்க் விடுதிக்காரர்களின் கல்லாப்பெட்டியில் விழுந்த அடி அது. அண்டை நாட்டின் சட்டம் எதையும் மீறாமல், அங்கே ஓர் ஆளைக்கூட அனுப்பாமல், தன் குடிமக்களின் பாஸ்போர்ட்டை வைத்தே கழுத்தை நெரிக்க முடிந்தது. 1936 ஜூலை 11 உடன்படிக்கைக்குப் பிறகுதான் அது நீங்கியது. அதில் ஆஸ்திரியாவின் இறையாண்மையை ஜெர்மனி ஏற்பதாக ஒரு வாசகம். பதிலுக்கு, ஆஸ்திரியா தன்னை ஒரு ஜெர்மன் நாடாகக் கருதி நடக்கும், சிறையிலுள்ள நாஜிகளுக்குப் பொதுமன்னிப்பு, அமைச்சரவையில் அவர்கள் பக்கத்து ஆட்களுக்கு இடம். இந்த ஒப்பந்தத்தை மட்டும் ஒருமுறை உட்கார்ந்து முழுதாகப் படியுங்கள். முதல் பத்தி கொடுப்பதை அடுத்த பத்திகள் எப்படித் திரும்ப வாங்குகின்றன என்பது கண்ணுக்குத் தெரியும்.

இடையில் 1934 ஜூலை 25 இருக்கிறது. ஆஸ்திரிய நாஜிகள் சான்சலர் மாளிகைக்குள் புகுந்து அப்போதைய சான்சலர் டால்ஃபுஸைச் சுட்டுக் கொன்றார்கள். கலகம் தோற்றது. ஆஸ்திரியாவுக்குக் காவலாக நின்ற இத்தாலியின் முசோலினி, எல்லையிலுள்ள பிரென்னர் கணவாய்ப் பக்கம் படையை நகர்த்தினார். ஹிட்லர் கைகழுவிக்கொண்டார். அதே முசோலினி 1935-இல் எத்தியோப்பியாவில் இறங்கி, பிரிட்டனிடமும் பிரான்சிடமும் கெட்ட பெயர் வாங்கி, 1936-இல் பெர்லின் பக்கம் சாய்ந்துவிட்டார். 1938 மார்ச் 11 இரவு 10.25-க்கு ரோமிலிருந்து தொலைபேசி வருகிறது: இத்தாலிக்கு ஆட்சேபம் இல்லை. இந்த உதவியை என்றும் மறக்க மாட்டேன் என்று ஹிட்லர் திரும்பத் திரும்பச் சொன்னதும் பதிவாகியிருக்கிறது. சிறிய நாட்டின் காவலாளி யார் என்று கேட்டால் மட்டும் போதாது, அந்தக் காவலாளிக்கு அந்த வருடம் வேறெங்கே கடன் இருக்கிறது என்றும் கேட்க வேண்டும். பிரான்சில் அன்று அரசே இல்லை. முந்தைய நாள்தான் ஷோத்தான் அமைச்சரவை விலகியிருந்தது. ஷூஷ்னிக் கேட்டதற்கு லண்டன், ஆலோசனை சொல்லும் பொறுப்பை ஏற்க இயலாது, பாதுகாப்புக்கு உத்தரவாதம் தர இயலாது என்று பதில் அனுப்பியது.

ஒரு எச்சரிக்கை. ஆஸ்திரியாவைப் பச்சைக் குழந்தையாக எழுதாதீர்கள். நாடாளுமன்றத்தை 1933 மார்ச்சில் முடக்கியது ஹிட்லர் அல்ல, டால்ஃபுஸ். 1934 பிப்ரவரியில் வியன்னாத் தொழிலாளர் குடியிருப்பான கார்ல் மார்க்ஸ் ஹோஃப் மீது பீரங்கி வைத்ததும், சமூக ஜனநாயகக் கட்சியைத் தடை செய்ததும் அவருடைய அரசுதான். நாட்டைக் காக்கத் தெருவில் இறங்கக்கூடிய ஆட்களை அரசே நான்கு வருடம் முன்னால் சிறைக்கு அனுப்பிவிட்டது. 1938 மார்ச் தொடக்கத்தில் ஷூஷ்னிக் அவர்களுடைய பிரதிநிதிகளைச் சந்தித்தார். அவர்களும் உதவத் தயாராகவே இருந்தார்கள். நாள்தான் மிச்சமில்லை. ஆஸ்திரியா தனி நாடாகத் தொடருவதா என்று கேட்டு மார்ச் 9-இல் அவர் அறிவித்த பொதுவாக்கெடுப்பும் சுத்தமான காரியம் அல்ல. நான்கே நாள் அவகாசம், 1930-க்குப் பின் தேசியத் தேர்தலே நடக்காத நாடு, 24 வயதுக்கு மேற்பட்டவருக்கே வாக்கு. நாஜி ஆதரவு இளைஞர்களிடம் அதிகம் என்று கணக்குப் போட்டிருந்தார். இதை எழுதினால் உங்கள் விடை ஹிட்லருக்குச் சாதகமாகிவிடும் என்று பயப்பட வேண்டாம். அந்தக் கோணலான வாக்கெடுப்பைக்கூட நடக்க விட முடியாது என்று பெர்லின் பதறியதுதான் இங்கே செய்தி. மறுநாளே படைக்கு ஆயத்த உத்தரவு போயிற்று.

பூப்போட்ட கூட்டம் பற்றி. அது பொய் இல்லை. லின்ஸிலும் வியன்னாவின் ஹெல்டன்பிளாட்ஸ் திடலிலும் திரண்டவர்கள் மனதாரக் கத்தினார்கள். ஆனால் புகைப்படத்தில் இருப்பவர்களை எண்ணும்போது, இல்லாதவர்களையும் எண்ணுங்கள். மார்ச் 12 விடிவதற்கு முன்பே ஜெர்மன் போலீஸ் தலைவர் ஹிம்லர் வியன்னாவின் அஸ்பெர்ன் விமான நிலையத்தில் இறங்கிவிட்டார். ஹிட்லர் தன் பிறந்த ஊரான பிரௌனாவ் வழியாக எல்லை தாண்டியது அன்று பிற்பகல்தான். போலீஸ் விடியலில், தலைவர் பிற்பகலில் என்ற இந்த வரிசையை விடையில் கட்டாயம் குறிப்பிடுங்கள். அடுத்த நாட்களில் வியன்னா யூதர்களை முழங்காலிட வைத்து நடைபாதையைத் தேய்க்கச் சொன்னார்கள். அவர்கள் அழித்தது நடக்காமல் போன அந்த வாக்கெடுப்புக்காக ஷூஷ்னிக் ஆதரவாளர்கள் தீட்டியிருந்த வாசகங்களை. சுற்றி நின்று வேடிக்கை பார்த்துச் சிரித்தவர்கள் ஜெர்மனியிலிருந்து வந்தவர்கள் அல்ல, பக்கத்து வீட்டுக்காரர்கள். ஏப்ரல் 1-இல் டாக்காவ் முகாமுக்கு முதல் ரயிலில் ஏற்றப்பட்ட சுமார் 150 பேரில், பழைய அரசின் ஆட்களும் அந்த அரசு தடை செய்த கட்சியின் ஆட்களும் சேர்ந்தே போனார்கள்.

பிறகு இணைப்பின் மீது ஏப்ரல் 10 வாக்கெடுப்பு, 99.73 சதவீதம் ஆதரவு. இந்த எண்ணை எழுதுபவர்கள் வாக்குச்சீட்டைப் பார்ப்பதில்லை. நடுவில் பெரிய வட்டம், அதன் மேல் "ஆம்". ஓரத்தில் சின்ன வட்டம், அதன் மேல் "இல்லை". யூதர்களுக்கும் கைதான அரசியல்வாதிகளுக்கும் வாக்கில்லை. இணைப்புச் சட்டம் மார்ச் 13-ஆம் தேதியே வந்தாயிற்று, கையெழுத்திட மறுத்த மிக்லாஸ் அன்றே பதவி விலகிவிட்டார். நான்கு வாரம் கழித்துக் கேட்கும் கேள்விக்குப் பதில் வேறு எப்படி வரும்?

பணத்தை மறக்காதீர்கள். தேர்வில் யாரும் தொடாத பகுதி, அதனாலேயே மதிப்பெண் தரும். ஆஸ்திரிய தேசிய வங்கியில் சுமார் 78 டன் தங்கம் இருந்தது. ஆயுத உற்பத்திக்கு இறக்குமதி செய்து செய்து கையிருப்பு வறண்டிருந்த ஜெர்மன் மத்திய வங்கியான ரைக்ஸ்பாங்குக்கு அது அப்படியே போயிற்று. கூடவே ஸ்டிரியாவின் இரும்புத் தாது. செக்கோஸ்லோவாகியாவோ, மூன்று பக்கமும் ஜெர்மனி சூழ்ந்த நாடாகிவிட்டது. அதன் கோட்டை வரிசை பெரும்பாலும் பழைய ஜெர்மன் எல்லையைப் பார்த்துக் கட்டப்பட்டது, ஆஸ்திரியப் பக்கம் பலவீனம். பென்சிலால் படம் வரைந்து பாருங்கள், அடுத்து நடந்தது தானே விளங்கும். 1939 மார்ச் 15 விடியலில் பெர்லினில் செக்கோஸ்லோவாக் அதிபர் ஹாஹாவிடம் கையெழுத்து வாங்கிய கதைக்கும் இதே இரண்டு பத்தித் தாளைப் போடலாம்.

கடிதத்தின் கடைசியில் ஒரு கேள்வி வைத்திருக்கிறீர்கள்: ஆஸ்திரிய ராணுவம் ஏன் ஒரு குண்டுகூடச் சுடவில்லை? ஷூஷ்னிக் ஜெர்மன் இரத்தம் சிந்த வேண்டாம் என்று நினைத்தார் என்பது வழக்கமான பதில், அதில் தவறில்லை. கூடவே இதையும் எழுதுங்கள். ஜெர்மனி நுழைந்தால் எங்கே தடுப்பது என்று ஆல்ஃபிரெட் யான்ஸா என்ற தலைமைத் தளபதி திட்டம் போட்டு வைத்திருந்தார். பெர்ஷ்டெஸ்காடனில் கேட்கப்பட்ட பட்டியலில் அவருடைய பதவியும் இருந்தது. மார்ச் 11 இரவு அவர் அந்த நாற்காலியில் இல்லை.