ஊர் சிரிப்பதும் ஊரைச் சிரிக்க வைப்பதும்

(இறுதியாண்டு இயந்திரவியல் மாணவி)

முன்னுரை



மனிதனுக்கு உண்டாகும் மெய்ப்பாடுகள் எட்டு என்று வகுத்த தொல்காப்பியர், அந்த எட்டில் முதல் இடத்தை நகைக்குக் கொடுத்தார். அழுகைக்குக் கூட இரண்டாம் இடம்தான். சிரிப்பு எங்கிருந்து வருகிறது என்பதற்கும் அவர் நான்கு காரணங்கள் சொல்கிறார். பிறரைக் கேலி செய்வது, குழந்தைத்தனம், அறியாமை, எதைச் சொன்னாலும் நம்பிவிடும் மடமை. யோசித்துப் பார்த்தால் இந்த நாலையும் வச்சுத்தான் இன்னிக்கு வரைக்கும் சினிமாவிலும் டிவியிலும் காமெடி ஓடிக்கிட்டிருக்கு.

நம்ம தாம்பரம் பக்கம் ஆடி மாதம் வந்தால் அம்மன் கோயில்களில் கூழ் ஊற்றுவார்கள். இரவில் இன்னிசைக் கச்சேரி நடக்கும். நாலு பாட்டு முடிந்ததும் மிமிக்ரி. மைக் பிடிப்பவர் பெரும்பாலும் ஆண். ஆனால் அவர் பேசும் குரல் யாருடையது? பெண்டாட்டியுடையது, மாமியாருடையது, குழாயடிச் சண்டைக்காரியுடையது. கீழே உட்கார்ந்திருக்கும் பெண்களும் சேர்ந்துதான் சிரிக்கிறார்கள். அதே மேடையில் ஒரு பெண் ஏறி, தன் சொந்தக் குரலில் ஐந்து நிமிடம் பேசினால் மட்டும், "குடும்பத்துப் பொண்ணு பேசுற பேச்சா இது?" என்று பின்வரிசையில் ஒரு முணுமுணுப்பு கிளம்பும்.

இந்த முணுமுணுப்பைத் தாண்டி, சிரிக்க வைப்பதையே தொழிலாகக் கொண்டு வாழ்ந்து காட்டிய பெண்களைப் பற்றியும், அந்தத் தொழிலின் நுட்பம் பற்றியும் எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன்.

முன்னோடி மதுரம்

தமிழ் சினிமா பேசத் தொடங்கிய காலத்திலேயே டி.ஏ.மதுரம் நகைச்சுவை நடிகையாகப் பெயர் பெற்றுவிட்டார். 1936-ல் வந்த 'வசந்தசேனா' படத்தில் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனுடன் அவர் ஜோடி சேர்ந்தார். வாழ்க்கையிலும் இணைந்தார்கள். கணவர் ஒன்று சொன்னால் மனைவி தலையாட்டும் ஜோடி அல்ல அது. அவர் ஒரு வார்த்தை சொன்னால் இவர் எதிர்வார்த்தை வைத்திருப்பார்.

1944 இறுதியில் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கலைவாணர் கைதானார். 1947-ல் விடுதலையாகும் வரை மதுரம் மூலையில் உட்கார்ந்து அழுதுகொண்டிருக்கவில்லை. வழக்கையும் நடத்த வேண்டும், நாடகத்தை நம்பிய குடும்பங்களையும் காப்பாற்ற வேண்டும். எஸ்.வி.சகஸ்ரநாமம் போன்றோர் துணை நிற்க, நாடகமும் நின்றுவிடவில்லை. 'பைத்தியக்காரன்' 1947-ல் படமாகவும் வந்தது. கஷ்டம் வந்த நாளில் அந்தக் குடும்பத்தைத் தாங்கியது சிரிப்புத் தொழில்தான் என்றால் மிகையாகாது.

பள்ளத்தூரிலிருந்து ஆயிரம் படம்

1937 மே 26-ல் மன்னார்குடியில் பிறந்தவர் கோபிசாந்தா. தகப்பன் கைவிட, தாயும் மகளும் காரைக்குடி அருகே பள்ளத்தூருக்கு வந்தார்கள். தாய் வீட்டு வேலை செய்தார். தாய்க்கு உடம்பு முடியாமல் போனபோது மகளின் பள்ளிப் படிப்பு நின்றது. அந்தச் சிறுமியும் வீட்டு வேலைக்குப் போனாள். ஊருக்கு வந்த நாடகக் குழுவில் பாடத் தெரிந்த பெண் தேவைப்பட்டபோது, பன்னிரண்டு வயதில் மேடை ஏறினாள். மனோரமா என்ற பெயர் நாடகம் கொடுத்த பெயர். எஸ்.எஸ்.ராஜேந்திரனின் நாடகக் குழுவில் நடித்துப் பழகி, 1958-ல் கண்ணதாசன் எடுத்த 'மாலையிட்ட மங்கை'யில் நகைச்சுவை வேடத்தில் தமிழ்த் திரைக்கு வந்தார். இடையில் நடந்த திருமணம் நிலைக்கவில்லை. கையில் ஒரு மகன். தாயையும் மகனையும் காப்பாற்றும் பொறுப்பு அவர் தலையில்.

கதாநாயகியாகத்தான் வருவேன் என்று அவர் காத்திருக்கவில்லை. கதாநாயகிக்கு வயது வரம்பு உண்டு, காமெடிக்குக் கிடையாது என்பது தொழில் தெரிந்தவர் கணக்கு. 1963-ல் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகியாக நடித்த பிறகும் காமெடியை விடவில்லை. நாகேஷுடன் படம் படமாக நடித்தார். 1968-ல் 'தில்லானா மோகனாம்பாள்' படத்தில் ஜில் ஜில் ரமாமணி. நாடகக்காரியின் வலி தெரிந்த ஒருவரால்தான் அந்த வேடத்தில் சிரிக்கவும் வைத்து, கடைசியில் பாவம் என்று நினைக்கவும் வைக்க முடியும். மெட்ராஸ் பாஷை, கிராமத்துப் பேச்சு, அக்கிரகாரத்துப் பேச்சு என்று வட்டார வழக்குகளை அப்படியே பேசுவார். ஆயிரம் படங்களைத் தாண்டி கின்னஸ் புத்தகத்தில் இடம் பிடித்தார். 1989-ல் வந்த 'புதிய பாதை'க்காக தேசிய விருதும், 2002-ல் பத்மஸ்ரீயும் பெற்றார். 2015 அக்டோபர் 10-ல் மறையும்போது தமிழ்நாட்டுக்கே அவர் ஆச்சி.

அவர் போட்ட பாதையில் வந்தவர் கோவை சரளா. 1985-ல் 'சின்ன வீடு' படத்தில் பாக்யராஜுக்கு அம்மாவாக நடித்தபோது அவர் மிகவும் இளம் வயதுப் பெண். பத்து வருடம் கழித்து 'சதி லீலாவதி'யில் கமல்ஹாசனுக்கு மனைவியாக, சுத்தமான கோவைத் தமிழில் வெளுத்துக் கட்டினார். 2022-ல் 'செம்பி' படத்தில் சிரிப்பே இல்லாத மலைவாழ் மூதாட்டியாக வந்தார். சிரிக்க வைக்கத் தெரிந்தவருக்கு அழ வைப்பதும் கைவந்த கலை.

டைமிங் – நம்ம பாடத்தில் உள்ளதுதான்

காமெடிக்கு டைமிங் முக்கியம் என்று எல்லோரும் சொல்கிறார்கள். டைமிங் என்றால் என்ன? நம்ம இன்ஜின் பாடத்தை வைத்துச் சொல்கிறேன்.

நாலு ஸ்ட்ரோக் பெட்ரோல் இன்ஜினில் முதலில் கலவை உள்ளே வரும். பிறகு பிஸ்டன் மேலே ஏறி அதை அழுத்தும். பிஸ்டன் உச்சியைத் தொடுவதற்குச் சில டிகிரி முன்னாலேயே ஸ்பார்க் விழ வேண்டும். ரொம்ப முன்னாடி விழுந்தால் நாக்கிங். தாமதமானால் பவர் போச்சு.

காமெடியும் அப்படியே. முதலில் விஷயத்தைச் சொல்ல வேண்டும். அடுத்து, என்ன ஆகப் போகுதோ என்ற எதிர்பார்ப்பை ஏற்ற வேண்டும், அதுதான் கம்ப்ரெஷன். கூட்டம் முடிவை ஊகிப்பதற்குச் சற்று முன்னால் அந்த ஒரு வார்த்தை விழ வேண்டும். எதிர்பார்ப்பு ஏறுமுன் போட்டால் யாருக்கும் புரியாது. ஊகித்த பிறகு போட்டால், "இதான் தெரியுமே" என்பார்கள். பிறகு எக்ஸாஸ்ட். சிரிப்பு வெளியேற இடம் கொடுக்க வேண்டும், அதன் மேலேயே பேசினால் அடுத்த வரி யார் காதிலும் விழாது. இன்ஜினில் இரண்டு வால்வும் ஒரு நொடித் துளி சேர்ந்து திறந்திருக்குமே ஓவர்லாப், அதுவும் இங்கே உண்டு. சிரிப்பு முழுசும் அடங்கட்டும் என்று தேர்ந்தவர்கள் காத்திருக்க மாட்டார்கள். அடங்கப் போகிற நேரத்தில் அடுத்த வரியைத் தொடங்குவார்கள்.

இதெல்லாம் பிறவியில் வருவதில்லை. லேத்தில் கை பழகுவது போலப் பழக வேண்டும். மனோரமாவுக்கு அந்த ஒர்க்‌ஷாப் நாடக மேடை. அங்கே ரீடேக் கிடையாது.

யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம்?

எங்க வீட்டில் முதன்முதலில் பத்தாம் வகுப்பைத் தாண்டிய ஆள் நான்தான். அம்மா சேலையூர் பக்கம் நாலு வீட்டில் பாத்திரம் தேய்க்கிறாங்க. படத்தில் வேலைக்காரி காமெடி வந்தால் அம்மா முகம் இறுகிப் போகும். அந்த வேலைக்காரி ஒண்ணு கப்பை உடைப்பா, இல்லேன்னா சர்க்கரை திருடுவா. ஆனால் 1986-ல் வந்த விசுவின் 'சம்சாரம் அது மின்சாரம்' டிவியில் போட்டால் அம்மா கையைத் துடைச்சுக்கிட்டு வந்து உட்கார்ந்துடுவாங்க. அதில் மனோரமா, கண்ணம்மா என்ற வேலைக்காரி. ஒரு பெரிய மனிதரை வாயடைக்க வைக்கும் காட்சியில் எங்க வீட்டில் முதல் சிரிப்பு அம்மாவுடையது. ஏம்மா இது மட்டும் பிடிக்குது என்று கேட்டேன். "அவ யாருக்கும் பயப்படல பாரு" என்றார்.

தொல்காப்பியர் சொன்ன முதல் காரணம் கேலி. அதை மேலே இருப்பவன் கீழே பார்த்தும் வீசலாம், கீழே இருப்பவர் மேலே பார்த்தும் வீசலாம். கண்ணம்மா வீசியது மேலே.

அறந்தாங்கி நிஷா பட்டிமன்ற மேடையிலிருந்து விஜய் டிவியின் 'கலக்கப் போவது யாரு' நிகழ்ச்சிக்கு வந்து, 2018-ல் 'மாரி 2' போன்ற படங்கள், 2020-ல் பிக்பாஸ் என்று வளர்ந்தவர். தன் நிறத்தையும் உடம்பையும் வைத்துத் தானே பேசிச் சிரிக்க வைத்தவர். அடுத்தவன் சொல்லுமுன் தானே சொல்லிவிட்டால் அவன் வாயில் சரக்கு இருக்காது என்பது உண்மை. அதே நகைச்சுவையை மறுநாள் பஸ் ஸ்டாண்டில் ஒருத்தன் இன்னொரு கறுத்த பெண்ணைப் பார்த்துச் சொன்னால் அது நகைச்சுவையே இல்லை என்பதும் உண்மை. மேடையில் பேசுகிற பெண்கள் இந்த இரண்டையும் கணக்கில் வைக்கத்தான் வேண்டியிருக்கிறது.

தனி ஆளாய் மேடையில்

இப்போது ஸ்டாண்ட்-அப் என்ற முறை பரவியிருக்கிறது. ஒரு மைக், ஒரு ஆள். எழுதுவதும் அவரே, பேசுவதும் அவரே. ஓபன் மைக் எனப்படும் பழகு மேடையில் சில நிமிடங்களில் தொடங்கி, அரை மணி, ஒரு மணி, டிக்கெட் போட்ட நிகழ்ச்சி என்று வளர வேண்டும். கம்பெனி விழா, கல்லூரி விழாக்களிலும் வருமானம் உண்டு. பெண்களுக்கு வேடம் எழுத ஆளில்லை என்றால் தானே எழுதிக்கொள்ளலாம். சுமுகி சுரேஷ் அப்படித்தான் 'புஷ்பவல்லி' தொடரைத் தானே உருவாக்கி நடித்தார். 2017-ல் அது அமேசான் பிரைமில் வந்தது.

ஆனால் நம்ம பக்கத்துப் பெண்ணுக்கு ஒரு கஷ்டம். நிகழ்ச்சி சிட்டியில் ராத்திரி முடியும். மாம்பலம் வந்து மின்சார ரயில் பிடித்து, தாம்பரத்தில் இறங்கி, கிழக்குப் பக்கம் ஷேர் ஆட்டோ கிடைக்க வேண்டும். ஆண் பத்து மணிக்கு வந்தால் "சாப்பிட்டியா?" பெண் வந்தால் "எங்கே போனே?" திறமை இல்லாததால் நின்றவர்களை விட, இந்தக் கேள்வியால் நின்றவர்களே அதிகம் இருப்பார்கள் என்பது என் எண்ணம்.

முடிவுரை

எனக்கும் மைக் பிடிக்க ஆசை உண்டு. அதைச் சொன்னபோது அம்மா, "ஊர் சிரிக்கக் கூடாதுன்னுதான் உன்னைப் படிக்க வைக்கிறேன்" என்றார். அந்தப் பயம் நியாயமானது. ஏழை வீட்டில் மானம் ஒன்றுதான் சேமிப்பு. ஆனால் ஊர் சிரிப்பது வேறு, ஊரைச் சிரிக்க வைப்பது வேறு. முதலாவதில் நாம் தலைகுனிந்து நிற்கிறோம். இரண்டாவதில் எப்போது சிரிக்க வேண்டும் என்பதை நாம் முடிவு செய்கிறோம். பள்ளத்தூரில் பாத்திரம் தேய்த்த சிறுமி தன் தாயைக் காப்பாற்றியது இரண்டாவதைச் செய்துதான். அம்மாவுக்கு இன்னும் சம்மதம் இல்லை. டிப்ளமோவை முடித்து வேலையும் வாங்கி, கூடவே எழுதிப் பழகுவது என்று இருக்கிறேன்.

மாணவர் சங்கத்துக்கு ஒரு வேண்டுகோள். விழாக்களில் பெண்களுக்குக் கடவுள் வாழ்த்து, வரவேற்புரை, நடனம் என்று ஒதுக்குகிறோம். மிமிக்ரி வந்தால் மைக் பையன்கள் பக்கம் போகிறது. வரும் ஆண்டு விழாவில் பெண்களுக்கும் ஐந்து நிமிடம் காமெடி கொடுங்கள். பகலிலேயே வையுங்கள், பெற்றோரையும் முன்வரிசையில் உட்கார வையுங்கள். நன்றாக இல்லை என்றால் கை தட்ட வேண்டாம். சிரிப்பு வந்தால் மட்டும் அடக்காதீர்கள்!